தென்கொரியாவின் புசானில் 'தனி கைடு' வைத்து 2,60,000 வொன் போனது. அப்பா அம்மாவைக் கூட்டிப் போகிறவர்கள் படித்துவிட்டுப் போங்கள்

சனிக்கிழமை நடந்தது, இன்று செவ்வாய். ஆறட்டும் என்று மூன்று நாள் பொறுத்துப் பார்த்தேன், ஆறவில்லை. 2,60,000 வொன். நம்மூர்க் காசுக்குப் பதினாறாயிரம் ரூபாய்க்குக் கிட்ட. 'பணம் போனதுகூடப் பெரிதில்லை' என்றுதான் முதலில் எழுத ஆரம்பித்தேன், அதை அழித்துவிட்டேன். பணம் போனதும் பெரிதுதான். போஸ்ட்டாக் (பிஎச்.டி முடித்த ஆராய்ச்சியாளர்) சம்பளக்காரனுக்கு அது ஒரு மாத மளிகை. எப்படி ஏமாந்தேன் என்று முதலில் கொட்டிவிடுகிறேன். எப்படித் தப்பிப்பது என்று கடைசியில் விவரமாக எழுதுகிறேன்.

நான் இங்கே தேஜான் என்ற ஊரில் இருக்கிறேன், மூன்றாவது வருடம். அப்பா அம்மா முதல்முறையாக வந்திருக்கிறார்கள். அப்பா தூத்துக்குடித் துறைமுகத்தில் 31 வருடம் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். சோலுக்குக் கூட்டிப் போய் அரண்மனை காட்டினேன், மலை மேல் டவர் காட்டினேன். "நல்லாருக்கு, நல்லாருக்கு" என்று தலையாட்டிவிட்டு, "ஏலே, புசானுக்கு எப்பம் போறோம்?" என்பார். கன்டெய்னர் வேலை பார்த்தவர்களுக்கு அந்தத் துறைமுகத்தின் பெயர் மேல் ஒரு பிடிப்பு. காகிதத்தில் அத்தனை வருடம் பார்த்த ஊரை நேரில் பார்க்கணும், அவ்வளவுதான் அவர் கேட்டது.

அதிலும் யோங்டோ பாலம். 1934-ல் திறந்தது. கப்பல் போவதற்காக ஒரு பக்கத்துத் தளம் அப்படியே மேலே எழும்பும். 1966-ல் தூக்குவதை நிறுத்தி, 2013-ல் புதுப்பித்து மறுபடி தூக்க ஆரம்பித்தார்கள். இப்போது சனிக்கிழமை மதியம் 2 மணிக்கு மட்டும், கால் மணி நேரம். அப்பாவுக்கு வீடியோ காட்டினேன். "நம்ம பழைய பாம்பன் பாலத்துல ரெண்டு பக்கமும் தூக்குவாவல்லா, இவன் ஒத்தக்கைக்காரன்" என்று சிரித்தார். அந்தப் பாலம் தாண்டினால் பழைய கப்பல் பழுதுபார்க்கும் தெரு ஒன்று இருக்கிறது, காங்காங்கி என்று பெயர். கப்பல் உடம்பில் ஏறிய துருவையும் சிப்பியையும் சுத்தியலால் தட்டி எடுக்கிற 'காங் காங்' சத்தமே பெயராகிவிட்டது. அந்த வேலை செய்தவர்கள் பெரும்பாலும் நடுவயதுப் பெண்கள். இதைச் சொன்னதும் அப்பா நிமிர்ந்து உட்கார்ந்தார். "சிப்பிங்கு! பொம்பளையளா பாத்தாவ?"

புசானுக்கு நான் இரண்டு முறை போயிருக்கிறேன், லேப் ஆட்களோடு கடற்கரைக்கு. பழைய ஊர் தெரியாது, என் கொரிய மொழி கடையில் சில்லறை வாங்கும் அளவுக்குத்தான். விவரம் தெரிந்தவர் ஒருவர் கூட நடந்து கதை சொன்னால் அப்பாவுக்கு நன்றாக இருக்குமே என்று, வெளிநாட்டுக்காரர்களுக்கு உள்ளூர் கைடு பிடித்துத் தரும் ஒரு ஆப்பில் தேடினேன். பெயர் போடமாட்டேன். இந்த நாட்டில் உண்மையைச் சொன்னாலும் அவதூறு வழக்குப் போடலாம், நான் விசாவில் இருக்கிறவன். 'தனிப்பட்ட நடைச் சுற்றுலா, உங்கள் குடும்பம் மட்டும், 5 மணி நேரம்.' 2,90,000 வொன். மதிப்புரைகள் எல்லாம் ஐந்து நட்சத்திரம்.

இப்போது நான் விழுந்த இடம். வியாழன் ராத்திரி அந்தக் கைடு செய்தி அனுப்பினான். அப்பாவுக்கு முழங்கால் வலி, படி ஏறுவது கஷ்டம் என்று பதிவில் எழுதியிருந்தேன். "எந்தக் கால்?" என்று கேட்டான். எனக்கே யோசித்துத்தான் சொல்ல முடிந்தது, இடது கால் என்று. "அப்படியானால் இறக்கத்தில்தான் வலிக்கும். நான் பாதையை மாற்றி வைக்கிறேன்" என்றான். பத்து நிமிடம் கழித்து ஒரு போட்டோ, மடக்கு நாற்காலி ஒன்று கார் டிக்கியில். "உங்கள் அப்பாவுக்கு."

சொல்லுங்கள், அதற்கு மேல் என்ன வேண்டும்? போட்டோவை அப்பாவிடம் காட்டினேன். அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு பெரிதாக்கிப் பார்த்தார். "நல்ல பையன் போல" என்றார்.

அம்மாவுக்குப் புரட்டாசி, சைவம்தான் என்றேன். "பிபிம்பாப் (காய்கறி கலந்த சோறு) கடை பேசி வைக்கிறேன், முட்டை கூட இல்லாமல்" என்றான். இரண்டு மணிப் பாலத்தை மட்டும் விடவே கூடாது என்றேன். "அதற்குத்தானே சனிக்கிழமை!" என்று சிரிக்கிற பொம்மை போட்டான்.

அப்புறம்தான் அது வந்தது. ஆப்காரர்கள் கமிஷனைப் பிடுங்குகிறார்கள், நேரடியாகக் கணக்குக்கு அனுப்பினால் 2,60,000 போதும், ஆப்பில் ரத்து செய்துவிடுங்கள், காசு முழுதும் திரும்பிவிடும் என்றான். எனக்குச் சுரீர் என்றது, இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் மடக்கு நாற்காலி எடுத்து வைத்தவனிடம் எப்படிச் சந்தேகப்படுவது? இங்கே பணம் அனுப்பும்போது கணக்குக்காரர் பெயர் திரையில் வரும். வேறு பெயர் வந்தது. கேட்டேன். "மனைவியின் கணக்கு." அழுத்திவிட்டேன். 2,60,000.

சனிக்கிழமை காலை கேடிஎக்ஸ் அதிவேக ரயில் பிடித்து பத்து மணிக்கு முன்னாலேயே புசான் ஸ்டேஷன் வாசலில் நின்றோம். பத்தே காலுக்கு வந்தது அவன் இல்லை. இருபது வயசுகூட நிரம்பாத ஒரு பையன். "அண்ணனுக்குக் காய்ச்சல்." கழுத்தில் கைடு உரிம அட்டை கிடையாது, கையில் நாற்காலியும் கிடையாது. அவன் பின்னாலேயே நான்கு பேர், எங்களைப் போலவே 'தனி' சுற்றுலாவுக்குக் காசு கட்டியவர்கள். ஆளுக்கு ஆள் முகத்தைப் பார்த்துக்கொண்டோம்.

அப்போதே திரும்பியிருக்க வேண்டும். அம்மா, "சின்னப் பையன்பா, அவன் என்ன பண்ணுவான்" என்றாள்.

முதலில் நாற்பது படிக்கட்டு. 1950-ல் கொரியப் போர் வந்தபோது நாட்டின் தற்காலிகத் தலைநகரமே புசான்தான். வடக்கிலிருந்து ஓடி வந்த அகதிகள் மேட்டில் குடிசை போட்டு, துறைமுகத்துக்கு இறங்கி வந்து கூலி வேலை பார்த்தார்கள். அவர்கள் ஏறி இறங்கிய இடம் அது. படியில் அக்கார்டியன் வாசிக்கிற மனிதனின் சிலை இருக்கிறது. அந்தப் பையன் போனைப் பார்த்து, "இது படி. நாற்பது" என்றான். வேறொன்றும் சொல்லவில்லை. நான் முந்தின ராத்திரி படித்ததை வைத்து அப்பாவுக்குக் கதை சொன்னேன், மற்ற நான்கு பேரும் என்னைச் சுற்றி நின்று கேட்டார்கள். 2,60,000 வொன் கொடுத்து நானே கைடு. மாற்றி வைத்த பாதையாவது கீதையாவது, எல்லாப் படியும் அப்பா இடது காலைப் பக்கவாட்டில் வைத்து வைத்து இறங்கினார்.

அங்கிருந்து நம்போ-தோங் பகுதியில் ஒரு கட்டடத்தின் மூன்றாவது மாடி. 'பாரம்பரியக் கலாச்சார அனுபவம்' என்றான். ஜின்செங் என்கிற மருந்து வேர் விற்கிற கடை! கதவைச் சாத்திவிட்டு ஒரு அம்மாள் சிவப்பு ஜின்செங் பற்றி வகுப்பு எடுத்தாள். சர்க்கரை, மூட்டு வலி, ரத்த அழுத்தம், எல்லாவற்றுக்கும் ஒரே பாட்டில். அப்பா நொண்டுவதைப் பார்த்துவிட்டு அவர் பக்கத்திலேயே வந்து உட்கார்ந்துகொண்டாள். ஒரு மணி பத்து நிமிடம். பையன் வெளியே போன் பார்த்துக்கொண்டு நின்றான், நேரம் ஆகிறது என்று மூன்று முறை போய்ச் சொன்னேன், "ஓகே ஓகே". கொடுத்த சாற்றைக் குடித்துவிட்டு எதுவும் வாங்காமல் வரக்கூடாதே என்று அம்மா பர்ஸைத் திறந்துவிட்டாள். நான்தான் கையைப் பிடித்தேன்.

சாப்பாடு? பன்றி எலும்புச் சாற்றில் சோறு போட்டுத் தருகிற கடை. அது புசானின் பேர்போன சாப்பாடு, குறை சொல்லவில்லை, நானே சாப்பிடுவேன். ஆனால் புரட்டாசி சனிக்கிழமை அம்மாவை அங்கே கொண்டுபோய் உட்கார வைத்தால்? பிபிம்பாப் பற்றி அந்தப் பையனுக்கு யாரும் சொல்லவே இல்லை. அம்மா தண்ணீர் குடித்துவிட்டு எழுந்தாள். பிஃப் சதுக்கத்தில் விதையும் சர்க்கரையும் அடைத்துச் சுடுகிற ஹொத்தொக் ஒன்று வாங்கிக் கொடுத்தேன், அன்றைக்கு மதியம் அவளுக்கு அதுதான். "நம்ம போளி மாதிரி இருக்கு" என்றாள், நான் மூஞ்சியைத் தூக்கி வைத்திருப்பதைப் பார்த்துவிட்டு.

ஒன்று ஐம்பதுக்கு ஜகல்சி மீன் சந்தை வாசலில் நிறுத்தி, "டூர் முடிந்தது, எனக்கு இரண்டு மணிக்கு அடுத்த குழு" என்றான். ஐந்து மணி நேரம் என்று வாங்கிய காசு, நான்குகூட முடியவில்லை. பாலம்? "அந்தப் பக்கம், பக்கம்தான், நடந்தால் பத்து நிமிடம்." கையை நீட்டிக் காட்டிவிட்டுப் போய்விட்டான்.

அவன் நடந்தால் பத்து நிமிடம். டாக்ஸி பிடிக்கலாம் என்றால் இரண்டு மணிக்குப் பாலத்தை மூடுவதால் அந்தச் சாலையே நின்றுபோயிருந்தது. அப்பா வேகமாக நடக்கப் பார்த்தார். அதைத்தான் என்னால் மறக்க முடியவில்லை. மீன் தொட்டிகளுக்கும் கடைக்கார அம்மாக்களின் கூப்பாட்டுக்கும் நடுவில், சுவரைப் பிடித்துப் பிடித்து, "நீ முன்னால போய்ப் பாருலே, வீடியோ எடுத்து வையி, நான் வாரேன்" என்றார். நான் போகவில்லை. இரண்டே காலைத் தாண்டிப் போய்ச் சேர்ந்தபோது தளம் இறங்கிவிட்டது, ஜனம் கலைந்துகொண்டிருந்தது, பஸ் ஓடிக்கொண்டிருந்தது. போரில் பிரிந்த குடும்பங்கள் 'யோங்டோ பாலத்தில் சந்திப்போம்' என்று சொல்லிவைத்துக்கொண்டு தேடி வந்து நின்ற இடமாம் அது. அப்பா கைப்பிடியைத் தொட்டுப் பார்த்தார், இரும்பைத் தட்டிப் பார்த்தார். "நல்ல வேல" என்றார். காங்காங்கிக்குப் போகலாமா என்று கேட்டேன். கால் வீங்கிவிட்டது, வேண்டாம் என்றார்.

இனி மழுப்பல் படலம். அன்று மாலையே காக்காவோ டாக் என்கிற சாட் ஆப்பில் அந்த 'காய்ச்சல்' அண்ணனுக்கு எழுதினேன். "டூர் நல்லபடியாக முடிந்ததில் மகிழ்ச்சி!" என்று ஆடுகிற கரடி ஒன்றை அனுப்பினான். பாலத்தைப் பார்க்கவில்லை என்றேன். "பாலம் பார்க்கக் கட்டணமே இல்லையே சார், அதற்கு நாங்கள் காசு வாங்கவில்லை." இந்த வரியைத்தான் மூன்று நாளாக மனசுக்குள் படித்துக்கொண்டே இருக்கிறேன். பாதித் தொகையாவது திருப்பித் தா என்றேன். அடுத்த முறை வந்தால் பத்து சதவீதம் தள்ளுபடியாம். அந்த டாக்கில் நாம் அனுப்பியதைப் படிக்காதவரை பக்கத்தில் '1' என்று நிற்கும், படித்ததும் மறைந்துவிடும். ஞாயிறு காலை வரை '1' மறைந்தது, பதில் இல்லை. ஞாயிறு மதியத்திலிருந்து '1' மறையவே இல்லை. தடுத்துவிட்டான் போல.

ஆப்பில் கேட்டால் முதலில் இயந்திரம் பேசியது. நாலு மணி நேரம் கழித்து ஒரு ஆள் வந்தார். "எங்கள் பதிவில் நீங்களே ரத்து செய்திருக்கிறீர்கள், முழுத் தொகையும் திருப்பித் தரப்பட்டுவிட்டது." ஆமாம், அந்த 2,90,000 திரும்பி வந்தது, போனது 2,60,000. அந்த ஆள் இன்னும் உங்கள் பட்டியலில் ஐந்து நட்சத்திரத்தோடு நிற்கிறானே என்றேன். "உங்கள் கருத்துக்கு நன்றி. இந்த உரையாடலுக்கு எத்தனை நட்சத்திரம் தருவீர்கள்?" வங்கியில், நீங்களே அனுப்பியது, வாங்கியவர் சம்மதித்தால்தான் திருப்ப முடியும் என்றார்கள். லேபில் உள்ள கொரிய ஜூனியரைக் கூட்டிக்கொண்டு போலீசுக்குப் போனேன். மரியாதையாக உட்கார வைத்து காபி கொடுத்தார்கள். ஆள் வந்திருக்கிறான், சுற்றிக் காட்டியிருக்கிறான், ஆகவே மோசடி என்று எடுப்பது கஷ்டம், ஒப்பந்தத் தகராறு என்றார்கள். 'சுற்றிக் காட்டியிருக்கிறான்' என்பதை ஜூனியர் மொழிபெயர்க்கும்போது எனக்குச் சிரிப்பே வந்துவிட்டது. முழுசாகக் காது கொடுத்துக் கேட்டது 1330-ல் எடுத்த பெண்மணி மட்டும்தான், சுற்றுலாப் பயணிகளுக்கான உதவி எண், புகாராகக் குறித்துக்கொண்டார்.

விவரமாக எழுதுகிறேன் என்றேன், லேபில் அறிக்கை காத்திருக்கிறது, சுருக்கமாகச் சொல்கிறேன். ஆப்புக்கு வெளியே ஒரு வொன்கூட அனுப்பாதீர்கள், எவ்வளவு தள்ளுபடி சொன்னாலும். கணக்கில் வேறு பெயர் வந்தால் அங்கேயே நிறுத்துங்கள். உரிம அட்டையின் படத்தை முன்னாலேயே கேளுங்கள், வந்து நிற்கிற ஆள் வேறாக இருந்தால் கிளம்பாதீர்கள், அம்மா என்ன சொன்னாலும். கடை எதுவும் நுழையக் கூடாது என்று எழுதி வாங்குங்கள். யோங்டோ பாலத்துக்குக் கைடே வேண்டாம், மெட்ரோ முதல் தடத்தில் நம்போ ஸ்டேஷனில் இறங்கினால் பக்கம், ஒன்றரைக்கே போய் நில்லுங்கள். பிரச்சினை என்றால் 1330, நுகர்வோர் புகாருக்கு 1372.

1372-க்கு நாளை ஜூனியரை வைத்துப் பேசப் போகிறேன், எதுவும் நடந்தால் இங்கேயே எழுதுகிறேன். மறுபடி ஒரு தடவை கூட்டிப் போங்களேன் என்று யாரும் சொல்ல வேண்டாம். பாலம் தூக்குவது அடுத்து சனிக்கிழமைதான், இவர்களுக்கு ஃபிளைட் வெள்ளிக்கிழமை ராத்திரி. டிக்கெட்டை மாற்ற எவ்வளவு ஆகும் என்று நேற்று பார்த்தேன். அப்பா எட்டிப் பார்த்துவிட்டு, "மூடி வைலே அத" என்றார்.