சீனியர் ஸ்டேட்டஸா, முழு ஓய்வா?

அமெரிக்க ஃபெடரல் மாவட்ட நீதிபதிக்கு ஆயுள் முழுக்கப் பதவி, வயதைக் காட்டி யாரும் வீட்டுக்கு அனுப்ப முடியாது. ஆனால் 65 வயதும் 15 வருட சர்வீஸும் ஆகிவிட்டால் (70 வயதென்றால் 10 வருடமே போதும், மொத்தம் 80 வர வேண்டும் என்பதுதான் கணக்கு) இரண்டு வழி உண்டு: முழு ஓய்வு, அல்லது நீதிபதியாகவே இருந்துகொண்டு குறைந்த வேலை பார்க்கும் சீனியர் ஸ்டேட்டஸ். எதில் போனாலும் அவர் இடம் காலியாகி, ஜனாதிபதி புது ஆளை நியமிக்கலாம்.

பணம்
ஓய்வு: கடைசியாக வாங்கிய சம்பளம் சாகும்வரை வரும், ஏறாது. 2025-இல் அது 2,47,400 டாலர்.
சீனியர்: அதே சம்பளம், பின்னால் வரும் உயர்வும் சேரும்.

வேலை
ஓய்வு: ஒன்றுமில்லை.
சீனியர்: முழுநேர நீதிபதியின் சுமையில் கால்வாசி பார்த்தாலே உயர்வுக்குத் தகுதி. பிடிக்காத வகை வழக்குகளைத் தவிர்க்கலாம். பொறாமையாகத்தான் இருக்கிறது!

வெளி வருமானம்
சீனியர்: வக்கீல் தொழில் கூடாது.
ஓய்வு: தடையில்லை. கலிஃபோர்னியாவின் வான் வாக்கர் 2011-இல் விலகித் தனி பிராக்டிஸுக்குப் போனார்.

காசு இன்னும் சேர்க்கணும், பேரப்பிள்ளைகளோடு இருக்கணும் என்றால் ஓய்வுதான் சரி. நீதிமன்றத்தை விட்டால் கை ஓடாது என்பவருக்கு சீனியர். கான்சஸின் வெஸ்லி பிரவுன் 1979-இல் சீனியரானவர். மூக்கில் ஆக்ஸிஜன் குழாயோடு வந்து வழக்கு கேட்டார். 2012-இல் இறந்தபோது வயது 104, அப்போதும் நீதிபதிதான்.