குரலிக்கு எந்தச் செடி: குங்குமப்பூவா, சில்ஃபியமா, ஜாதிக்காயா?

சிங்கப்பூரில் மாயக் கதை எழுதும் தமிழ் நண்பர்கள் பலர் கதைக்குள் ஓர் அபூர்வ மசாலாவை வைத்துவிடுகிறார்கள். ஏன் அபூர்வம் என்று கேட்டால் ஏழு கடல், ஏழு மலை தாண்டி விளைகிறது என்பதோடு சரி. எனக்கு அது போதாது. ஒரு பொருள் ஏன் கிடைப்பதில்லை என்பதை வைத்துத்தான் அந்த உலகத்தின் சந்தையும் சண்டையும் அமையும்.

குரலி என்று ஒரு மசாலாவைக் கற்பனை செய்துகொள்வோம். ஒரு சிட்டிகை சோற்றில் சேர்த்தால், சாப்பிடுபவருக்கு இறந்துபோன சொந்தக்காரர் ஒருவரின் குரல் ஒரு நாழிகை நேரம் கேட்கும். இந்த மாயத்தை மூன்று நிஜச் செடிகளின் மேல் ஏற்றிப் பார்க்கலாம்.

முதலில் குங்குமப்பூ. ஒரு பூவுக்கு மூன்றே மூன்று சிவப்பு இழை. ஒரு கிலோ வேண்டுமென்றால் சுமார் 150,000 பூக்களைக் கையால் பறிக்க வேண்டும், அதுவும் இலையுதிர்காலத்தில், காலையில் வாடுவதற்கு முன்பே. இங்கே அபூர்வம் உழைப்பில் இருக்கிறது. ஆள்பலம் உள்ள ராஜா ஜெயித்துவிடுவான். இந்தச் செடி விதையே வைக்காது. கிழங்கை மனிதர் பிரித்து நட்டால்தான் அடுத்த தலைமுறை. இதை நான் மிகவும் ரசிக்கிறேன், ஆனால் கதைக்கு ஒரு குறை உண்டு. கிழங்கும் ஏற்ற குளிரும் கிடைத்தால் யாரும் பயிரிடலாம், ரகசியம் நிற்காது. இலையுதிர்காலமே இல்லாத ஊரில் வளர்ந்த நமக்கு அந்த விடியற்காலைப் பறிப்பை உள்ளிருந்து எழுதுவதும் கஷ்டம்.

அடுத்தது சில்ஃபியம், பழங்காலக் கிரேக்கரும் ரோமானியரும் சமையலில் சேர்த்த ஒரு வாசனைச் செடி. இன்றைய லிபியாவில் இருந்த சிரீன் நகரம் இந்தச் செடியைத் தன் நாணயத்திலேயே பொறித்து வைத்திருந்தது. அந்த ஊரின் செல்வமே அதுதான். காட்டில் தானாக முளைக்கும், வயலில் நட்டால் வராது. கி.பி. முதல் நூற்றாண்டிலேயே கண்ணில் படாமல் போய்விட்டது. கடைசியாகக் கிடைத்த ஒற்றைத் தண்டை நீரோ மன்னனுக்கு அனுப்பியதாக ரோமானியக் குறிப்பு சொல்கிறது. அதற்குப் பதிலாக ரோமானியர்கள் வாங்கிய பாரசீகச் சரக்கு எது தெரியுமா? நம் சாம்பாரில் போடும் பெருங்காயம். தரத்தில் மட்டம் என்று குறை சொல்லிக்கொண்டே அதைச் சமைத்தார்கள்.

குரலி சில்ஃபியமாக இருந்தால், கடைசிச் சிட்டிகையை யார் தின்பது என்பதுதான் கதை. ஒரு வீட்டில் அண்ணனுக்கு அப்பாவின் குரல் வேண்டும், தங்கைக்கு அம்மாவின் குரல். பத்துப் பக்கச் சிறுகதைக்கு இதைவிட நல்ல கரு எனக்குத் தெரியவில்லை. தொடர்கதைக்கு ஆகாது. செடி முதல் அத்தியாயத்திலிருந்தே அழிந்துகொண்டிருக்கிறது, யாரும் எதுவும் செய்ய முடியாது.

ஜாதிக்காய்க்கு வந்தால் எனக்கு எழுத நிறைய இருக்கிறது. இன்றைய இந்தோனேசியாவில் உள்ள பாண்டா என்ற சின்னத் தீவுக் கூட்டம்தான் இதன் பூர்வீகம். 1621இல் டச்சுக்காரர்கள் அந்தத் தீவு மக்களில் பெரும்பாலானோரைக் கொன்றும் துரத்தியும் அடிமைப்படுத்தியும் மரங்களைக் கைப்பற்றினார்கள். வெளியே யாரும் முளைக்க வைக்கக் கூடாதென்று கொட்டைகளைச் சுண்ணாம்பில் தோய்த்து விற்றார்கள். 1667இல் பிரெடா உடன்படிக்கையில் ஆங்கிலேயர் பாண்டாவின் ரன் தீவை விட்டுக்கொடுக்க, டச்சுக்காரர்கள் மன்ஹாட்டனை விட்டுக்கொடுத்தார்கள். ஆனாலும் புறாக்கள் கொட்டையை விழுங்கிப் பறந்து வேறிடத்தில் போட்டன. எந்தக் காவலுக்கும் அடங்காத கடத்தல்காரன் கதைக்குத் தயாராகவே இருக்கிறான்.

செடியின் குணமும் நாடகத்துக்கு ஏற்றது. ஆண் மரம் வேறு, பெண் மரம் வேறு. பூக்கும்வரை, அதாவது ஆறேழு வருடம், எது எதுவென்று தெரியாது. கடன் வாங்கித் தோட்டம் போட்டவன் அத்தனை வருடமும் தண்ணீர் ஊற்றிக் காத்திருப்பான்.

ஃபோர்ட் கேனிங் மசாலாத் தோட்டப் பக்கம் போனால் ஜாதிக்காய் மரத்தை நின்று பாருங்கள். பழுத்த மஞ்சள் காய் இரண்டாகப் பிளக்கும்போது, பளபளக்கும் கருப்புக் கொட்டையை ரத்தச் சிவப்பில் ஜாதிபத்திரி வலைபோல் பற்றியிருக்கும். ஒரே பழத்தில் இரண்டு சரக்கு. குரலியிலும் அப்படியே வைக்கலாம்: கொட்டையைத் தின்றால் இறந்தவர் பேசுவது நமக்குக் கேட்கும், பத்திரியைத் தின்றால் நாம் பேசுவது அவருக்குக் கேட்கும். இரண்டையும் வெவ்வேறு வணிகக் குழுவிடம் கொடுத்துவிட்டால், ஒரு முழு உரையாடலுக்கு இரண்டு எதிரிகளிடம் கையேந்த வேண்டும்.

அப்புறம், இது நம் மண்ணின் கதையும்கூட. ராஃபிள்ஸ் 1819இல் சுமத்ராவின் பென்கூலனிலிருந்து ஜாதிக்காய்க் கன்றுகளை இங்கே அனுப்பினார். 1840களில் ஆர்ச்சர்ட் சாலை வட்டாரமெங்கும் ஜாதிக்காய்த் தோட்டங்கள். டாக்டர் ஆக்ஸ்லியின் தோட்டம் பேர்போனது. 1850களில் நோய் விழுந்து மரங்கள் பட்டுப்போயின, 1860களில் கிட்டத்தட்ட எல்லாம் முடிந்தது. இன்று அங்குள்ள ஐயான் ஆர்ச்சர்ட் கடைத்தொகுதி வாசலில் குமாரி நாகப்பன் வடித்த பெரிய ஜாதிக்காய்ச் சிற்பம் நிற்கிறது, அந்த வழியே தினமும் எத்தனையோ பேர் கடந்து போகிறார்கள். குரலித் தோட்டம் நோயில் அழிந்து, அதன் மேல் கடைத்தெரு எழுந்த நகரத்தைச் சிங்கப்பூர்த் தமிழர் எழுதாமல் வேறு யார் எழுதுவது?

ஆகவே தொடர்கதைக்கு என் ஓட்டு ஜாதிக்காய்க்கே. மூன்றையும் கலக்க மட்டும் வேண்டாம். வயலில் வளராத செடிக்குச் சுண்ணாம்புத் தோய்ப்பு எதற்கு? விதையே இல்லாத செடிக்குப் புறா எதற்கு? சில்ஃபியத்திடமிருந்து ஒன்றை மட்டும் தாராளமாகக் கடன் வாங்கலாம், அது பெருங்காயம் மாதிரி ஒரு மாற்றுச் சரக்கு. தேக்கா போன்ற ஒரு சந்தையில் மலிவுக் குரலி கிடைக்கட்டும். அதைத் தின்றாலும் குரல் கேட்கும், ஆனால் அது வேறு யாரோ வீட்டுத் தாத்தாவின் குரல். அவரும் தன் பேரன் பேர் சொல்லிக் கூப்பிடுவார், வாங்கியவர் என்ன பதில் சொல்வார் என்பதிலிருந்து ஓர் அத்தியாயம் எழுதலாம்.