ஷிராஸ் (1928) ப்ளூ-ரே: ஃப்ரான்ஸ் ஆஸ்டனை இவ்வளவு லேட்டா பார்த்துட்டேன்

கூரியர்ல வந்தப்போ கவர் ஓரம் உடைஞ்சிருந்துச்சு, வித்தவருக்கு போட்டோ அனுப்பியும் பதில் இல்ல, நல்லவேளை டிஸ்க்குக்கு ஒண்ணும் ஆகல.

படம் தாஜ்மஹால் பத்தின கற்பனைக் கதை, டைரக்டர் மியூனிக்கைச் சேர்ந்த ஃப்ரான்ஸ் ஆஸ்டன், ஹிமான்ஷு ராய் தயாரிச்சு ஹீரோவாவும் நடிச்சிருக்கார். அந்தக் காலத்துல ஜெர்மன் மௌனப்படம்னாலே செட்டு போட்டு நிழல் விளையாடுறதுதான் பேசப்படும், ஆஸ்டன் என்னடான்னா நேரா இந்தியா வந்து வெயில்ல, நிஜ கோட்டை, நிஜ கூட்டம், நிஜ யானைன்னு எடுத்துருக்கார். மரண தண்டனை சீன்ல ஹீரோ ஷிராஸ் தலைக்கு மேல யானை காலைத் தூக்குது பாருங்க, ட்ரிக் ஷாட் மாதிரியே தெரியல, மூச்சு விடாம பார்த்தேன்!

பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட் ரெஸ்டோர் பண்ணினது, முகத்துல இருக்குற வேர்வை வரைக்கும் தெரியுது. இந்த மௌனப்படத்துக்கு சிதார் கலைஞர் அனுஷ்கா சங்கர் புதுசா போட்ட மியூசிக் பெரும்பாலும் சூப்பர், சில இடத்துல மட்டும் கொஞ்சம் அமைதியா விட்டிருக்கலாம்.

ஆஸ்டனே பின்னாடி பாம்பே டாக்கீஸ் ஸ்டுடியோவுல ஹிந்தி தெரியாமலே 1936ல அச்சூத் கன்யா எடுத்தார். நாஜி கட்சி உறுப்பினரும்கூட, அது மனசை உறுத்துது, மறைக்கவும் முடியாது. 1939ல போர் வந்ததும் பிரிட்டிஷ்காரங்க பிடிச்சு வெச்சாங்க, அதோட இங்க அவர் சினிமா முடிஞ்சுது. 1956ல இறந்தார்.

விலை கொஞ்சம் ஜாஸ்திதான், ஆனா பழைய படம் பிடிக்கும்னா யோசிக்காம வாங்குங்க, முடிஞ்சா பெரிய திரையில போட்டுப் பாருங்க.