ஹட்டன் அடுப்படியில் ஊஜி மச்சா

தேயிலை மலைக்குள் குடியிருந்துகொண்டு ஜப்பான் தேயிலையைக் காசு கொடுத்து வாங்குவதா என்று வீட்டில் கேட்டார்கள். கண்டியில் ஒரு கடையில் எடுத்த, மச்சா எனும் பச்சைத் தேயிலைத் தூளின் 30 கிராம் டின்னில், கியோத்தோவுக்குத் தெற்கேயுள்ள ஊஜியில் விளைந்தது என்று அச்சிட்டிருந்ததே என்னை இழுத்தது. எய்சாய் என்ற துறவி 1191இல் சீனாவிலிருந்து கொண்டுவந்த விதைகளை, மியோயே என்ற இன்னொரு துறவி கியோத்தோவின் கோசான்ஜி விகாரையில் ஊன்றினார் என்றும், அங்கிருந்தே தேயிலை ஊஜிக்குப் போனது என்றும் மரபு சொல்கிறது. நம் மலையில் ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரையில் பயிரிட்டதோ 1867இல்.

பக்குவமும் நேர் எதிரானது. நமது ஃபெக்டரியில் கொழுந்தை வாட்டி, உருட்டி, செம்பு நிறம் வரும்வரை காற்றில் விட்டுச் சூட்டில் உலர்த்துகிறோம். ஊஜியில் பறிப்பதற்குச் சுமார் மூன்று வாரம் முன்பே நாணற்பாய், வைக்கோல், கறுப்புத் துணி கொண்டு செடிகளுக்கு வெயிலை மறைப்பதால், துவர்ப்பு குறைந்து இலை கரும்பச்சையாகிறது; பறித்ததும் ஆவியில் அவித்து, உருட்டாமல் உலர்த்தி, காம்பும் நரம்பும் நீக்கிக் கல் திரிகையில் அரைக்கிறார்கள். ஒரு திரிகை மணிக்குச் சுமார் 40 கிராம்தான் தரும் என்பதால், என் டின்னுக்கு முக்கால் மணி நேரம் சுழன்றிருக்க வேண்டும். விலையைப் பற்றிய முணுமுணுப்பை அத்தோடு நிறுத்திக்கொண்டேன்.

2 கிராம் தூளை அரித்து, 80 பாகைச் சூட்டில் 70 மில்லிலீற்றர் நீர் ஊற்றி, மூங்கில் மத்தால் முன்னும் பின்னுமாக அடித்தபோது மெல்லிய நுரை எழுந்தது. முதலில் அவித்த கீரையின் வாசனை, பிறகு நாக்கின் ஓரத்தில் தங்கும் இனிப்பு. பல வருடம் மலையில் நின்ற அம்மா ஒரு மிடறு குடித்துவிட்டு, "கொழுந்து கிள்ளின கை மணக்கிற மாதிரி இருக்கு" என்றார். இதைவிடச் சரியாக என்னால் சொல்ல முடியாது.

குறை, பொட்டலத்தோடு வந்த துண்டுப்பிரசுரத்தில். 'கியோத்தோ தேநீர் மரபு' என்று தலைப்பிட்டுவிட்டு, பாலும் சீனியும் கலக்கும் முறையைத்தான் விளக்கியிருந்தார்கள். 16ஆம் நூற்றாண்டின் தேநீர்ச் சடங்கு ஆசான் ரிக்யூவின் வழிவந்த ஓமோத்தேசென்கே, உராசென்கே, முஷாகோஜிசென்கே என்ற மூன்று மரபுகளும் கியோத்தோவில் இன்றும் இயங்குகின்றன. கிண்ணத்தின் முகப்பில் வாய் வைக்காமல் அதைத் திருப்பிக் குடிப்பதற்குக்கூட அவற்றில் முறை உண்டு. இதில் ஒரு வரிகூட அதில் இல்லை. மத்தை உலர்த்தும் விதத்தையும் எழுதாததால், எங்கள் மூடுபனியில் இரண்டாம் வாரமே அதன் இழைகளில் பூஞ்சணம் பிடித்தது. திறந்த தூளும் மெல்ல வெளிறுகிறது. ஆகவே 30 கிராமுக்குமேல் வாங்க வேண்டாம், மத்தை மட்டும் வேறு கடையில் பாருங்கள்.