வழக்குக் காணியை விற்பது: எல்லோரும் கையொப்பமிட்ட உறுதியா, நீதிமன்ற ஏலமா?

பாகப் பிரிவினை வழக்கு நடக்கும் காணியைப் பணமாக்க எங்கள் முன்னால் இரண்டு வழிகள் இருந்தன. பங்காளிகள் எல்லோரும் இணங்கி, வழக்கை முடித்துக்கொண்டு, நொத்தாரிசிடம் ஒரே உறுதியில் கையொப்பமிட்டு விற்பது ஒன்று. மாவட்ட நீதிமன்றத்தின் கட்டளைப்படி ஏலத்துக்கு விடுவது மற்றது. மட்டக்களப்பு கல்லடியில் அம்மம்மா விட்டுப்போன வளவை நாங்கள் ஏலத்துக்கே விட்டோம். இன்று யாராவது கேட்டாலும் அந்தப் பக்கம்தான் பேசுவேன்.

விலையும் நேரமும் மட்டுமே கணக்கு என்றால் தனியார் விற்பனைதான் மேல். நல்ல விலை கேட்கலாம், பேரம் பேசலாம், சில மாதங்களில் காசு கைக்கு வரும். வழக்குக் காணி என்றாலே ஊரில் பாதிப் பேர் கிட்ட வரமாட்டார்கள். ஏலத்துக்கு வருகிறவர்களும் விலையை அடித்துத்தான் கேட்பார்கள். இதில் வாதாட ஒன்றுமில்லை.

துண்டு போட்டுப் பிரித்தால் என்ன என்று கேட்கலாம். நகர எல்லைக்குள் 6 பேர்ச்சுக்குக் குறைந்த துண்டை வழமையாகத் தனிக் காணியாக ஏற்பதில்லை. பங்காளிகள் பலர், வளவு சிறிது. இப்படிப் பிரிக்க முடியாத காணிக்காகத்தான் 1977ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கப் பிரிவினைச் சட்டம் விற்பனைக்கும் இடம் வைத்திருக்கிறது.

எங்கள் முடிவைத் தீர்மானித்தது கையொப்பம். மட்டக்களப்பில் ஒரு குடும்பத்தின் உரித்தாளர் எல்லோரையும் ஒரு மேசையில் இருத்துவது லேசான வேலையா? ஒருவர் கனடா, ஒருவர் லண்டன், ஒரு மாமாவைப் பற்றி 1990க்குப் பிறகு தகவலே இல்லை. வெளிநாட்டில் இருப்பவர் தனக்காக இங்கே ஒருவர் கையொப்பமிட அற்றோணித் தத்துவம் அனுப்பலாம். தகவல் இல்லாதவர் எதை அனுப்புவார்? அவருடைய பங்கு உறுதியில் சேராவிட்டால், முழு விலை கொடுத்தவர் வாங்குவது முழுக் காணியல்ல; அவருடனோ அவருடைய பிள்ளைகளுடனோ கூட்டுரித்தாளராகத்தான் நிற்பார். இது தெரிந்த சட்டத்தரணி எவரும் தன் கட்சிக்காரரை வாங்க விடமாட்டார். தெரியாதவர் வாங்கினால், ஒரு வழக்கை முடிக்க இன்னொரு வழக்கை அவர் தலையில் கட்டியதாகிவிடும். அந்தப் பாவம் எங்களுக்கு வேண்டாம் என்றுதான் அம்மா சொன்னா.

நீதிமன்ற வழியில் இந்த ஓட்டை பெரும்பாலும் அடைபடுகிறது. வழக்கு காணிப் பதிவகத்தில் பதியப்படுகிறது. அளக்க வரும் நில அளவையாளர் முன்கூட்டியே காணியில் பறை அடித்து அறிவிக்க வேண்டும். பிறகு வேலி, கிணறு, வீடு, தென்னை ஒவ்வொன்றையும் குறித்து, இதை யார் உரிமை கோருகிறார் என்று அறிக்கையில் எழுதுவார். எங்கள் வளவில் கிணற்றடித் தென்னைகளைப் பக்கத்து வளவுப் பெரியம்மா தன்னுடையவை என்றா. அதுவும் அறிக்கையில் ஏறியது. வழக்கில் பெயர் இல்லாதவர் வந்து கோரினாலும் அவரைச் சேர்க்க வழி இருக்கிறது. கடைசியில் ஏலம் முடிந்து நீதிமன்றம் கொடுக்கும் விற்பனைச் சான்றிதழ், வழக்கில் இல்லாதவர்களையும் கட்டுப்படுத்தும். விதிவிலக்குகள் உண்டு, ஆனால் குறுகியவை. காசு நீதிமன்றத்தில் வைப்பிலிடப்படும். மாமாவின் பங்கு அங்கேயே அவர் பெயரில் நிற்கும். அவர் வருவார் என்று இன்னும் வாசலைப் பார்க்கிற அம்மாவுக்கு அதுதான் பெரிய ஆறுதல்.

இன்னொரு வசதி: நீதிமன்றம் முதலில் பங்காளிகளுக்குள் ஏலம் விடச் சொல்லலாம். பங்காளி எடுத்தால் தன் பங்கின் பெறுமதியைக் கழித்து மிச்சத்தைக் கட்டினால் போதும்.

இதை பிஸ்கால் விற்பனையோடு குழப்ப வேண்டாம். கடன் தீர்ப்பை நிறைவேற்றக் காணியைப் பறிமுதல் செய்து விற்பது அது. ஏலம் விழுந்த இடத்திலேயே விலையில் 25 வீதம் கட்ட வேண்டும், மிச்சம் 30 நாளுக்குள். அங்கே வாங்குகிறவருக்குப் போவது கடன்பட்டவருக்கு இருந்த உரித்து மட்டும். அவருக்கு ஆறில் ஒன்று என்றால் வாங்குகிறவருக்கும் ஆறில் ஒன்றுதான். இரண்டுக்கும் ஏலம் என்றே பெயர் என்பதால் அம்பாறைப் பக்கத்துச் சொந்தக்காரர் ஒருவர் இதையும் முழுக் காணி என்றே நினைத்து விலை விசாரித்தார். நல்ல வேளை, காசு கட்டுமுன் கேட்டார்.

வயல் என்றால் கணக்கு மாறும். பதிவுள்ள குத்தகை விவசாயி இருந்தால், காணி கைமாறினாலும் கமநல சட்டப்படி அவருடைய உரிமை தொடரும். வாங்குகிறவர் கமநல சேவை நிலையத்தில் விசாரித்துவிட்டு ஏலத்துக்குப் போவது நல்லது. அரசு உத்தரவுப் பத்திரத்தில் கொடுத்த காணி இந்தப் பேச்சுக்குள் வராது, அனுமதி இல்லாமல் அதை விற்கவே முடியாது. அப்புறம், ஏலத்தில் எடுத்த வெளியார் உள்ளே குடியிருப்பவரை எழுப்பிக் காணியைப் பொறுப்பெடுப்பது: நீதிமன்றக் கட்டளையோடு செய்யலாம். எங்கள் வளவு வெறுமையாக இருந்தது, அதனால் அந்த அலைச்சலை நான் அனுபவித்துச் சொல்லவில்லை.

இணங்கி விற்கத்தான் போகிறோம் என்பவர்கள், வழக்கு பதிவகத்தில் ஏறியிருக்கிறதா என்று முதலில் தேடுதல் எடுத்துப் பாருங்கள். ஏறியிருந்தால், வழக்கு முடியுமுன் பிரிபடாத பங்கை உறுதி எழுதி விற்பது செல்லாது. முதலில் இணக்கத்தை நீதிமன்றத்தில் பதிவு செய்து வழக்கை முடித்துவிட்டு, அதன்பிறகே நொத்தாரிசிடம் போக வேண்டும்.