வாஸ்ப்-193பி: எடை பஞ்சுமிட்டாய்தான், பண்டம் வேறு

2024 மே மாதம் ‘பஞ்சுமிட்டாய்க் கோள்’ என்று உலகம் முழுக்கச் செய்தி ஓடியது. பண்டம் வேறொரு விண்மீனைச் சுற்றும் வாயுக் கோள், பதிவுப் பெயர் வாஸ்ப்-193பி. கிடைக்குமிடம் நீர்ப்பாம்பு எனப்படும் ஹைட்ரா விண்மீன் கூட்டம், தூரம் ஏறக்குறைய 1,200 ஒளியாண்டு. மதிப்புரை எழுதுகிறவர்கள் கடைசியில் நட்சத்திரம் போடுவார்கள். இதற்கு ஏற்கெனவே ஒன்று உண்டு. அதை ஆறேகால் நாளுக்கு ஒரு முறை சுற்றுகிறது.

எடையில் ஏமாற்று இல்லை. விட்டம் வியாழனைப் போல 1.46 மடங்கு, நிறையோ வியாழனில் 14 சதவீதம்தான். கால்குலேட்டர் இருந்தால் நீங்களே சரிபார்க்கலாம். 1.46 × 1.46 × 1.46 போட்டால் கொள்ளளவு 3.1 மடங்கு. வியாழனின் அடர்த்தி கன சென்டிமீட்டருக்கு 1.33 கிராம். அதை 0.14-ஆல் பெருக்கி 3.1-ஆல் வகுத்தால் 0.06 வரும். ஆய்வுக்குழு தந்த எண் 0.059. திருவிழாக் கடைப் பஞ்சுமிட்டாய் 0.05-ஐ ஒட்டி நிற்கும். பூமி 5.5.

விட்டமும் நிறையும் இரண்டு வெவ்வேறு தராசில் வந்தவை. விட்டத்துக்கான முதல் துப்பைத் தந்தது தென்னாப்பிரிக்காவின் சதர்லாந்தில் இருந்த வாஸ்ப் தொகுதி. எட்டு கேமராக்கள், 200 மி.மீ. லென்ஸ்கள், அவ்வளவுதான். கோள் குறுக்கே போகும்போது விண்மீனின் ஒளி எவ்வளவு மங்குகிறது என்று பார்ப்பது அதன் வேலை. நிறைதான் படுத்தி எடுத்தது. கோள் இழுக்கிற இழுப்பில் விண்மீன் முன்னும் பின்னும் ஆடும் வேகத்தை அளக்க வேண்டும். இங்கே அந்த வேகம் நொடிக்குச் சுமார் 15 மீட்டர், மணிக்கு 54 கிலோமீட்டர், நம்மூர் டவுன் பஸ் வேகம். 1,200 ஒளியாண்டுக்கு அப்பால் இருக்கும் பஸ்ஸை சிலி நாட்டு லா சியாவில் உள்ள ஹார்ப்ஸ், கோராலி என்ற இரு நிறமாலைக் கருவிகள் பிடித்தன. பண்டம் இலேசாக இருக்க இருக்க ஆட்டம் குறையும், அளவீட்டின் இரைச்சலில் மூழ்கிவிடும். அதனால்தான் எடை உறுதியாக நான்கு ஆண்டுகள் பிடித்தது. அடர்த்தி எண்ணை நம்புவதற்கு முன் எப்போதும் விட்டத்தின் பிழையைப் பாருங்கள். விட்டத்தில் 5 சதவீதம் பிசகினால் அடர்த்தியில் 15 சதவீதம் பிசகும்.

குறை பதத்தில் இருக்கிறது. பஞ்சுமிட்டாயில் உள்ளது உருக்கிச் சுழற்றி இழுத்த சர்க்கரை இழை. இழையின் அடர்த்தி 1.59, மொத்தத்தில் 97 சதவீதம் காற்று. எங்கே பிய்த்தாலும் ஒரே பதம். வாஸ்ப்-193பி அப்படி இல்லை. பெரும்பாலும் ஹைட்ரஜன், ஹீலியம். விளிம்பில் இருக்கிறதா இல்லையா என்று சொல்ல முடியாத அளவுக்கு மெலிசு, உள்ளே போகப் போகத் தன் பாரத்தாலேயே நசுங்கிக் கெட்டி. 0.059 என்பது இந்த இரண்டுக்கும் போட்ட சராசரி. சனியைத் தண்ணீரில் போட்டால் மிதக்கும் என்று பள்ளிக்கூடத்தில் சொல்வதும் இதே சராசரிக் கணக்குதான். 0.69 என்ற எண் சரி, ஆனால் சனியின் நடுப்பகுதி தண்ணீரைவிடப் பல மடங்கு கனம்.

பொருத்தமான பெயர் வேண்டுமென்றால் பூரி. வாயுக் கோள்கள் பிறக்கும்போது சூடாக உப்பி இருக்கும், ஆற ஆற அமுங்கும். கெப்ளர்-51 விண்மீனைச் சுற்றும் கோள்களில் மூன்று 0.1-க்குக் கீழே அடர்த்தி உள்ளவை. ஆனால் அந்தக் குடும்பத்துக்கு வயது 50 கோடி ஆண்டுதான், இப்போதுதான் எண்ணெயிலிருந்து எடுத்தது மாதிரி. அதில் ஆச்சரியப்பட அதிகமில்லை. நம் கோளின் தாய் விண்மீனான வாஸ்ப்-193-இன் வயதோ நம் சூரியனை ஒத்தது. இந்நேரம் அமுங்கியிருக்க வேண்டும். பூமிக்கும் சூரியனுக்கும் உள்ள தூரத்தில் பதினைந்தில் ஒரு பங்கிலேயே சுற்றுவதால் அடுப்பு அணையவில்லை என்பது உண்மைதான், வெப்பம் ஏறக்குறைய 980 டிகிரி செல்சியஸ். அந்தச் சூட்டைச் சேர்த்துக் கணக்குப் போட்டாலும் வழக்கமான கோள் மாதிரிக் கணக்குகளில் இவ்வளவு உப்பல் வருவதில்லை. காலையில் சுட்ட பூரி ராத்திரிவரை எப்படி அமுங்காமல் இருக்கிறது என்பதற்கு இன்னும் ஒப்புக்கொண்ட விடை கிடையாது. இந்தக் கோளை முக்கியமாக்குவது இதுதான், மிட்டாய்ப் பெயர் அல்ல.

இனிப்பு? 980 டிகிரியில் சர்க்கரை கரிந்துபோயிருக்கும். மணம் தேடுகிறவர்கள் 64 ஒளியாண்டு தொலைவிலுள்ள எச்.டி. 189733பி பக்கம் போகலாம். அங்கே 2024-இல் ஜேம்ஸ் வெப் தொலைநோக்கி கண்டது ஹைட்ரஜன் சல்ஃபைடு, அதாவது அழுகிய முட்டை. உருவத்தில் அச்சு அசலாகப் பலகாரம் வேண்டுமென்றால் சனியின் துணைக்கோள் பான்தான் நம் தேர்வு. சராசரியாக 28 கிலோமீட்டர் அகலம், நடுவில் தடித்த உப்பல், சுற்றிலும் மெல்லிய விளிம்பு. 2017-இல் காசினி விண்கலம் அனுப்பிய படத்தைப் பார்த்து மேல்நாட்டார் ராவியோலி என்றார்கள். ஆப்பம் தின்று வளர்ந்தவர்களுக்கு அது ஆப்பம்தான்.

வாஸ்ப்-193பி-யை வீட்டு மாடியிலிருந்தே ‘வாங்க’ முடியுமா? கோள் கண்ணில் படாது. ஆனால் விண்மீனின் பிரகாச எண் 12.2 (எண் கூடக் கூட மங்கல்). 8 அங்குலத் தொலைநோக்கி, கறுப்பு வெள்ளை சிமாஸ் கேமரா, சறுக்காத மோட்டார் தாங்கி இருந்தால் ஒளி மங்குவதை அளந்துவிடலாம். மங்கல் நூற்றுக்கு ஒன்றரைதான். ஆகவே குவியத்தை வேண்டுமென்றே சற்றுக் கலைத்து, ஒளி பல பிக்சல்களில் பரவும்படி ஒன்றிரண்டு நிமிடப் படங்களாக எடுங்கள். அதே நிறமுள்ள, துடிக்காத ஒப்பீட்டு விண்மீன்கள் இரண்டு மூன்று சட்டத்துக்குள் இருக்கட்டும். பலரும் தவறவிடுவது ஃபிளாட் படங்களை, அதாவது பிக்சல்களுக்குள் உள்ள ஏற்றத்தாழ்வைத் திருத்தச் சீரான ஒளியில் எடுக்கும் படங்களை. அவை இல்லாமல் விண்மீன் பிக்சல் விட்டுப் பிக்சல் நகர்ந்தால் பொய்யான மங்கல் தோன்றும், கோள் அகப்பட்டதாக நினைத்துக்கொள்வீர்கள்.

கோள் விண்மீனைக் கடந்து முடிய நான்கு மணி நேரத்துக்கு மேல் ஆகும். முன்னும் பின்னும் ஒரு மணி நேரம் சேர்த்துக்கொள்ளுங்கள். மார்ச் மாதத்தில் விண்மீன் நள்ளிரவையொட்டித் தெற்கே நல்ல உயரத்தில் நிற்கும். சுற்றுக்காலத்தில் ஒட்டிக்கொண்டிருக்கும் கால் நாளால் ஒவ்வொரு கடப்பும் ஆறு மணி நேரம் தள்ளிப்போகும். அதே ஊரில், ஏறக்குறைய அதே நேரத்தில் திரும்ப வருவது நான்காவது சுற்றில்தான். நடுவில் மேகம் வந்துவிட்டால் அடுத்த பந்தி 25 நாள் கழித்து.