சக்காய் கத்தியும் அதன் பிடியும்: மூன்று ஆண்டுகளுக்குப் பிறகு

சென்ற மாதம் வெண்டைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தபோது பிடி மட்டும் என் கையோடு வர, அலகு வெட்டுப்பலகையிலேயே கிடந்தது. அதே வாரத்தில், மே மாதம் ஒசாக்கா செல்லவிருக்கும் நண்பர் ஒருவர், பக்கத்திலுள்ள சக்காய் நகரில் ஒரு கத்தி வாங்கலாமா என்று கேட்டார். இரண்டும் ஒன்றுசேர்ந்ததால்தான் இதை எழுதுகிறேன்; ஆகவே இதில் கொஞ்சம் கோபம் கலந்திருக்கும் என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். என்னுடையது காய்கறிக்கென்றே செய்யப்படும் நக்கிரி வகைக் கத்தி. 165 மி.மீ. அலகு, ஷிரோகாமி (வெள்ளைத்தாள்) எனப்படும், துருப்பிடிக்கக்கூடிய கரி எஃகில் இரண்டாம் எண், ஹோ எனப்படும் ஜப்பானிய மக்னோலியா மரத்தில் பிடி, எருமைக் கொம்புப் பூண், விலை 16,500 யென். மற்ற விவரங்களை எந்தக் கடைப் பட்டியலிலும் பார்த்துக்கொள்ளலாம்.

முதலில் நியாயத்தைச் சொல்லிவிட வேண்டும். இந்தக் கத்தி வெட்டுவதைப் போல என் வீட்டில் வேறெதுவும் வெட்டியதில்லை. வாழைத்தண்டை வட்டமாக நறுக்கும்போது நார் இழுபடுவதே இல்லை. பழுத்த தக்காளியின் தோலில் அலகை வைத்தால், அழுத்தாமலே இறங்குகிறது. சின்ன வெங்காயம் நறுக்கினால் கண் எரிவதும் வெகுவாகக் குறைந்திருக்கிறது, ஏனென்றால் மழுங்கிய கத்தி நசுக்கும் இடத்தில் இது பிளந்துவிட்டுப் போகிறது. முதல் சில வாரங்கள் வெங்காயம் லேசாகக் கறுத்ததும் ஓர் இரும்பு வாடை வந்ததும் உண்மை. அலகின்மேல் நீலமும் சாம்பலும் கலந்த ஒரு படலம் படிந்த பிறகு அது நின்றுவிட்டது. அந்தப் படலத்தைத் துரு என்று எண்ணித் தேய்த்து எடுத்துவிட வேண்டாம். செந்துரு வராமல் காப்பது அதுதான்.

என் மனத்தாங்கல் முழுவதும் அலகு முடிந்து மரம் தொடங்கும் அந்த ஓர் அங்குலத்தில் இருக்கிறது. அதைப் புரியவைக்க வேண்டுமானால், வாங்கிய நாளைப் பற்றிச் சொல்லியாக வேண்டும்.

ஒசாக்காவின் தென்னோஜியிலிருந்து ஹன்காய் டிராமில் ஏறி, மியோகோகுஜி-மாயே நிறுத்தத்தில் இறங்கி, முதலில் டென்ஷோகான் என்ற அருங்காட்சியகத்தின் மாடியிலுள்ள கத்திக் கூடத்தைப் பார்த்தேன். போர்த்துகீசியர் வழியாக 16ஆம் நூற்றாண்டில் ஜப்பானுக்கு வந்த புகையிலையை இழை இழையாக நறுக்குவதற்கு இவ்வூர்க் கொல்லர்கள் செய்த கத்திகள்தாம் சக்காய்க்குப் பெயர் வாங்கித் தந்தவை; பிற்பாடு ஜப்பானை ஆண்ட தொக்குகாவா ஆட்சியே அவற்றுக்குத் தர முத்திரை அளித்தது. 1982இல் இத்தொழில் அரசின் மரபுக் கைவினைப் பட்டியலிலும் சேர்ந்தது. இங்கே ஒரு கத்தியை ஒருவரே செய்வதில்லை. அடிப்பவர் ஒருவர், சாணை பிடிப்பவர் இன்னொருவர், பிடி பொருத்துபவர் மூன்றாமவர். இவர்களை இணைக்கும் மொத்த வணிகரின் பெயரே பெரும்பாலும் அலகில் பொறிக்கப்படும். அடித்த கொல்லரின் பெயர் வாங்குபவருக்குத் தெரியாமலே போவதும் உண்டு.

முன்பதிவு செய்து நான் போன கொல்லுப்பட்டறை நண்பகலிலும் இருட்டாகவே இருந்தது. இரும்பின் நிறத்தைக் கொண்டே அதன் சூட்டை அளப்பதால் வெளிச்சத்தை வேண்டுமென்றே விலக்கிவைக்கிறார்கள். அன்று அடித்துக்கொண்டிருந்தது தேபா எனப்படும் மீன் கத்தி. பழுத்த மெல்லிரும்பின்மேல் வெண்காரமும் இரும்புத் தூளும் கலந்த பொடியைத் தூவி, அதன்மேல் எஃகுத் துண்டை வைத்து, மறுபடியும் உலையில் இட்டு எடுத்து, விசைச் சம்மட்டியின் கீழ் கொடுத்தபோது பொறிகள் என் காலடிவரை தெறித்தன. நூற்றுக்கு ஒரு பங்கைச் சற்றே தாண்டிய கரி கொண்ட அந்த எஃகு வெட்டும் வாயாகும். மெல்லிரும்பு அது உடையாமல் தாங்கும். என் நக்கிரியில் எஃகு நடுவிலும் இரும்பு இருபுறமும் இருக்கின்றன. பிறகு கொல்லர் வேறொரு அலகுக்கு மெல்லிய களிமண் குழம்பு பூசி, ஏறக்குறைய 800 பாகை செல்சியஸ் சூட்டில் நீரில் தோய்த்தார். நீராவி அலகைச் சுற்றித் திரையிடாமல், நீர் எங்கும் சமமாகப் பற்றுவதற்காகவே அந்தக் களிமண். இவை அனைத்தையும் படம் பிடித்தேன். அடுத்த தெருவில் சாணைக்காரரையும், மரச்சட்டத்தில் அலகைப் பொருத்தி, சுழலும் பெரிய கல்லின்மேல் நீர் வழிய அழுத்தி, வளைவு தெரிந்தால் சுத்தியலால் தட்டி நேராக்கி மீண்டும் கல்லுக்குக் கொண்டுபோகும் அவருடைய பொறுமையையும் படம் பிடித்தேன்.

பிடி பொருத்துவது கடையின் பின்கட்டில் நடந்தது. இரண்டு நிமிடம்கூட ஆகவில்லை. அலகின் வால் பகுதியைத் தீயில் காய்ச்சி, மரப்பிடியின் துளையில் நுழைத்தார்கள், புகை எழுந்தது, பிடியை மேலாகவும் அலகைக் கீழாகவும் பிடித்துக்கொண்டு, பிடியின் அடியை மரச் சுத்தியலால் தட்டத் தட்ட, அலகு தானாகவே மேலேறிப் பிடிக்குள் இறுகியது. அந்த நேரத்தில் நான் உலைக்களப் படங்களை வீட்டுக்கு அனுப்பிக்கொண்டிருந்தேன். அதன் பிறகு கடைக்காரர் சிற்றுளியால் அலகில் என் மகளின் பெயரைக் கடகானா எழுத்தில் பொறித்தார். அவர்களுடைய எழுத்தில் ழகரம் இல்லாததால் அது ரகரமாகிவிட்டது, அதை மகள் இன்றுவரை மன்னிக்கவில்லை. காரணமின்றி 6 செ.மீ.க்கு மேற்பட்ட அலகை உடன் வைத்திருப்பது அந்நாட்டில் குற்றம் என்பதால், ஊர் போய்ச் சேரும்வரை பிரிக்க வேண்டாம் என்று நன்றாக ஒட்டிக் கட்டிக் கொடுத்தார். இவ்வளவு கரிசனம் காட்டியவர், பூணுக்கும் அலகுக்கும் இடையே நகக்கண் அளவு இடைவெளி இருப்பதைப் பற்றி ஒரு சொல்லும் சொல்லவில்லை.

அந்த இடைவெளியில்தான் மூன்று ஆண்டுகளாக என் மனநிம்மதி போய்க்கொண்டிருக்கிறது. அலகைக் கழுவித் துடைத்துவிடலாம். நான் தவறாமல் துடைக்கிறேன். ஆனால் கழுவும்போது உள்ளே இறங்கிய நீரைத் துடைக்க முடியாது. சென்னையின் கடற்காற்றில் அது உலர்வதும் இல்லை. கத்தியைத் தலைகீழாகப் பிடித்தால் பூணின் விளிம்பில் பழுப்பு நிறத்தில் ஒரு சொட்டு வரும். அதைத் துடைத்துவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தால், திரும்பி வரும்போது இன்னொரு சொட்டு நிற்கும். புளிக்கரைசல் ஒருமுறை உள்ளே போய்விட்டால் இரண்டு நாளைக்கு அந்த ஒழுக்கு நிற்காது. ஹோ மரம் நனைந்தாலும் வழுக்காத மரம் என்பது உண்மைதான்; அது நனையும் என்பதும் அதே அளவுக்கு உண்மை. முதலாண்டின் இறுதியில் கடைக்கு மின்னஞ்சல் அனுப்பினேன். ஒன்பது நாள் கழித்து, 'அது இயல்பானது, பிடி தேய்ந்தால் மாற்றிக்கொள்ளலாம்' என்று ஒற்றை வரியில் பதில் வந்தது. எங்கே போய் மாற்றுவது என்று கேட்டதற்குப் பதில் இல்லை.

கோபம் தணிந்த நாள்களில் யோசித்தால், அந்த ஒற்றை வரி பொய்யல்ல என்பதை ஒப்புக்கொள்ள வேண்டியிருக்கிறது. சக்காய் கத்திகள் பெருமளவில் செய்யப்படுவது தொழில்முறைச் சமையலர்களுக்காக. அவர்களுக்கு அலகுதான் பல ஆண்டு வரும் சொத்து. பிடி, செருப்பைப் போல, தேயத் தேய மாற்றிக்கொள்ள வேண்டியது. எளிதில் கழற்ற முடியவேண்டும் என்பதற்காகவே ஆணியும் பசையும் இல்லாமல், சுட்டு இறக்கிய பிடிப்பை மட்டும் நம்பி விட்டுவைக்கிறார்கள். பிடி பொருத்துபவர் பக்கத்துத் தெருவில் இருக்கும் ஊரில் இது மிகச் சரியான ஏற்பாடு. அவர் 6,000 கிலோமீட்டருக்கும் அப்பால் இருக்கும்போது, என்னைப் போன்ற பயணியிடம் அதை ஒரு வாக்கியத்தில் சொல்லாமல் விற்பது சரியான ஏற்பாடு அல்ல.

பழுதுபார்த்த கதை இது. பழைய பிடியை உளியால் பிளந்தபோது உள்ளே மரம் கரியாகவும் சேறாகவும் இருந்தது; வால் பகுதி பாதியளவுக்கு மெலிந்து, தாள் தாளாக உரிந்தது. உப்புத்தாளால் தேய்த்துத் தேய்த்து நல்ல இரும்பு தெரியும்வரை கொண்டுவந்தேன். ஒசாக்காவிலிருந்து திரும்பிய அலுவலக நண்பர் ஒருவர் முன்பே வாங்கிவந்திருந்த எண்கோணப் பிடி கைவசம் இருந்தது. அலகு சூடேறினால் அதன் பதம் போய்விடும் என்பதால், ஈரத்துணியை அலகின்மேல் சுற்றிக்கொண்டு, வாலை மட்டும் எரிவாயு அடுப்பில் காட்டினேன். எந்தச் சிவப்பில் எடுப்பது என்று தெரியவில்லை. முதல்முறை மங்கலில் எடுத்தேன், பாதியிலேயே நின்றுவிட்டது; இரண்டாம்முறை நன்றாகப் பழுக்கவிட்டேன், துளை அகன்று லேசாக ஆடுகிறது. அடுக்களை முழுவதும் புகை. என் மனைவி அன்று சொன்னவற்றை இங்கே எழுத வேண்டியதில்லை. கடைசியில் உருக்கிய தேன்மெழுகை அந்த இடைவெளியில் ஊற்றி அடைத்தேன். ஒரு மாதமாகப் பழுப்புச் சொட்டு வரவில்லை. முதல் நாளே, கடையிலேயே, பத்து ரூபாய் மெழுகில் முடிந்திருக்க வேண்டிய வேலை இது என்று நினைக்கும்போதுதான் மறுபடி எரிச்சல் வருகிறது.

ஆகவே நண்பரிடம் வாங்க வேண்டாம் என்றே சொன்னேன். கடலோர ஊரில், ஈரம் காயாத அடுக்களையில், மூன்று பேர் மாறி மாறிக் கத்தி எடுக்கும் வீட்டில் இது தேவையில்லாத தொல்லை. ஜப்பானியக் கத்திதான் வேண்டுமென்றால், செக்கி நகரத் தொழிற்சாலைகளில் செய்யும் துருவேறாத எஃகுக் கத்தி ஒன்றை, பிடியைத் தறைந்து இறுக்கிய வகையில் பார்த்து வாங்கிக்கொள்ளட்டும். அவர், 'அப்படியானால் உன்னுடையதை எனக்குக் கொடுத்துவிடு' என்றார். கொடுப்பதாக இல்லை. பழுதுபார்த்த அன்று மாலையே ஆயிரம் எண் சாணைக்கல்லில் தீட்டி, ஒரு முழுப் பூசணிக்காயை அறுத்துப் பார்த்தவன் நான்.

ஆனால் சக்காய்க்குக் கட்டாயம் போய்வரச் சொல்லியிருக்கிறேன். உலையையும் பொறியையும் எல்லோரும் படம் பிடிக்கிறார்கள், அது போதும். பிடி பொருத்துபவரின் எதிரில் எனக்காக இரண்டு நிமிடம் நின்று, வால் எவ்வளவு சிவந்ததும் தீயிலிருந்து எடுக்கிறார் என்று பார்த்துவரச் சொன்னேன். அப்படியே எண்கோணப் பிடி இரண்டும், துளை கொஞ்சம் சிறியதாக.